தோளில் முளைத்த கொம்பு

ஜெர்மானிய ஓவியர் ஆல்பிரெக்ட் டியூரர் 1515-இல் வரைந்த காண்டாமிருகத்தைப் பெயர் தெரியாமலேயே பலர் பார்த்திருப்பார்கள். பக்கவாட்டில் நிற்கும் பருத்த விலங்கு. உடம்பு முழுக்கத் தகடு தகடாகக் கவசம், தகடுகளின் ஓரத்தில் ஆணி அடித்தாற்போல் புள்ளிகள், கால்களில் மீன் செதில். தலை தாழ்ந்திருக்கிறது, கண்ணில் ஒரு சோர்வு. இந்தப் படம் கையில் கிடைத்தால் மூக்குக் கொம்பை விட்டுவிட்டு முதலில் தோளைப் பாருங்கள். கழுத்து முடிந்து முதுகு தொடங்கும் இடத்தில், சங்குபோல் முறுக்கிக்கொண்டு இன்னொரு சிறு கொம்பு நீட்டிக்கொண்டிருக்கும். உலகத்தில் எந்தக் காண்டாமிருகத்துக்கும் அந்த இடத்தில் கொம்பு கிடையாது.

அந்தக் குட்டிக் கொம்பு ஐரோப்பியப் புத்தகங்களில் 200 ஆண்டுகளுக்கு மேல் உயிரோடு இருந்தது. விலங்கியல் நூல்களில் ஏறியது, ஊர்வல அலங்காரங்களில் ஏறியது. நிஜ விலங்கை நேரில் பார்த்தவர்களின் கண்ணைக்கூட அந்தப் படம் விட்டுவைக்கவில்லை. இது எப்படி நடந்தது என்று சொல்ல வேண்டுமானால் ஒரு விலங்கின் பயணத்தையும் அதன் படத்தை அச்சடித்த ஒரு மரக்கட்டையின் பயணத்தையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். விலங்கு ஐரோப்பாவில் வாழ்ந்தது சுமார் எட்டு மாதம். கட்டை 100 ஆண்டுக்கு மேல் உழைத்தது.

விலங்கிலிருந்து தொடங்குவோம். 1514-இல் குஜராத்தை ஆண்டவர் சுல்தான் இரண்டாம் முசாஃபர் ஷா. கோவாவில் போர்த்துகீசிய ஆளுநராக இருந்தவர் அஃபோன்சோ டி அல்புகெர்க். டையூவில் கோட்டை கட்ட அனுமதி கேட்டு அல்புகெர்க் தூது அனுப்பினார். அனுமதி கிடைக்கவில்லை. ஆனாலும் அரச மரியாதைப்படி பரிசுகள் கைமாறின. சுல்தான் தரப்பிலிருந்து வந்த பரிசுகளில் உயிருள்ள காண்டாமிருகம் ஒன்று இருந்தது. போர்த்துகீசியர் இந்த ஊர்க்காரர்கள் சொன்ன பெயரையே வாங்கி அதைக் 'கண்டா' என்று எழுதினார்கள். நம் காண்டாமிருகத்தில் இருக்கும் 'காண்டா'வும் அந்தக் 'கண்டா'வும் ஒரே வேரிலிருந்து கிளைத்த சொந்தக்காரர்கள்தான்.

அல்புகெர்க் அந்த விலங்கைப் போர்த்துகல் அரசர் மனுவேலுக்கு அனுப்பிவைத்தார். 1515 ஜனவரியில் அது கோவாவில் கப்பல் ஏறியது. ஓசெம் என்ற இந்தியப் பாகனும் கூடவே போனார். ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு நான்கு மாதக் கடல். மே 20 அன்று லிஸ்பனில் இறங்கியது. ரோமப் பேரரசின் காலத்துக்குப் பிறகு ஐரோப்பாவில் உயிருள்ள காண்டாமிருகத்தை யாரும் பார்த்ததில்லை. 1000 ஆண்டுகளுக்கு மேலாகப் புத்தகத்தில் மட்டும் இருந்த ஒரு பெயர், நான்கு காலில் துறைமுகத்தில் நடந்து வந்தது. லிஸ்பன்காரர்களுக்கு அன்று எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். கேட்ட கதையெல்லாம் உண்மைதான் போலிருக்கிறது என்ற திகைப்பு வந்திருக்கும்.

புத்தகம் என்றால் முக்கியமாகப் பிளினியின் புத்தகம். முதலாம் நூற்றாண்டு ரோமானியரான பிளினி, காண்டாமிருகம் யானையின் பரம எதிரி, சண்டைக்கு முன் கொம்பைக் கல்லில் தீட்டிக்கொள்ளும், யானையின் வயிற்றைப் பார்த்துக் குத்தும் என்று எழுதி வைத்திருந்தார். மனுவேல் அதைச் சோதித்துப் பார்க்க ஆசைப்பட்டார். அவரிடம் யானைகளும் இருந்தன. ஜூன் 3 அன்று அரண்மனை முற்றத்தில் ஓர் இளம் யானையையும் காண்டாமிருகத்தையும் எதிரெதிரே விட்டார்கள். காண்டாமிருகம் நிதானமாக முன்னால் நடந்தது. யானை மிரண்டு ஓடிவிட்டது. பிளினி வென்றுவிட்டார் என்று எல்லோரும் எடுத்துக்கொண்டார்கள். ஒரே ஒரு யானை, சுற்றிலும் கத்திக்கொண்டிருக்கும் கூட்டம், ஒரே ஒரு தடவை. அது போதுமானதாக இருந்தது.

அந்த விலங்கின் முடிவையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். டிசம்பரில் மனுவேல் அதைப் போப்பாண்டவர் பத்தாம் லியோவுக்குப் பரிசாகக் கப்பலேற்றினார். வழியில் மார்செய் அருகே ஒரு தீவில் இறக்கி வைத்தார்கள். பிரான்ஸ் அரசர் முதலாம் பிரான்சிஸ் வந்து பார்த்துவிட்டுப் போனார். 1516-இன் தொடக்கத்தில் இத்தாலியக் கரையில், போர்த்தோ வெனேரே அருகே கப்பல் புயலில் சிக்கி மூழ்கியது. காண்டாமிருகம் நன்றாக நீந்தக்கூடிய விலங்கு. காலைச் சங்கிலியால் கப்பல் தளத்தில் பிணைத்திருந்தார்கள். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் மனம் கனக்கிறது. யாருக்கோ யாரோ தந்த பரிசாக மூன்று முறை கைமாறி, கடைசியில் அந்தச் சங்கிலியோடு அது கடலுக்குள் போனது.

விலங்கு லிஸ்பனில் இருந்தபோதே அதன் செய்தி வடக்கே புறப்பட்டுவிட்டது. மொராவியாவிலிருந்து வந்து லிஸ்பனில் அச்சகம் நடத்திய வாலெந்திம் பெர்னாண்டஸ் என்பவர் ஜெர்மானிய நகரமான நூரம்பெர்க்கின் வணிகர்களுக்குக் கடிதம் எழுதினார். லிஸ்பனில் யாரோ ஒருவர் போட்ட கோட்டுப் படம் ஒன்றும் நூரம்பெர்க் வந்து டியூரர் கைக்குக் கிடைத்தது. அந்த மூலப் படம் இன்று இல்லை. அதைப் பார்த்து டியூரர் பேனாவால் வரைந்த படம் லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. டியூரர் அந்த விலங்கைக் கண்ணால் பார்க்கவே இல்லை. ஒரு கடிதமும் ஒரு கோட்டுப் படமும்தான் அவருக்குக் கிடைத்த சாட்சி.

செய்தி நூரம்பெர்க்குக்கு வந்தது தற்செயல் அல்ல. அந்த ஊர் அன்று வணிகத்துக்கும் உலோக வேலைக்கும் அச்சுக்கும் பேர்போனது. ஜெர்மானிய நிலத்தில் முதல் காகித ஆலை 1390-இல் தொடங்கப்பட்டது அங்கேதான். டியூரரின் அப்பா பொற்கொல்லர். ஞானத்தந்தை ஆன்டன் கோபெர்கர் ஊரின் பெரிய பதிப்பாளர். டியூரர் தொழில் கற்றது மிக்கேல் வோல்கெமுட்டின் பட்டறையில். அந்தப் பட்டறைதான் கோபெர்கர் 1493-இல் வெளியிட்ட நூரம்பெர்க் உலக வரலாற்று நூலுக்குப் படம் போட்டது.

அந்த நூலைப் பற்றி ஒரு விஷயம் சொல்லாமல் போக முடியாது. அதில் 1,809 படங்கள் இருக்கின்றன. அவற்றை அச்சிடப் பயன்பட்ட கட்டைகள் 645 மட்டும். மீதியெல்லாம் திரும்பத் திரும்ப வந்தவை. ஒரே நகரப் படம் வேறு வேறு நகரங்களின் பெயரில் வரும். ஒரே முகம் ஓர் இடத்தில் ஓர் அரசருக்கும் இன்னோர் இடத்தில் வேறோர் அரசருக்கும் ஆகிவரும். இதை ஏமாற்று என்று அந்தக் கால வாசகர் நினைத்ததாகத் தெரியவில்லை. 'இங்கே ஒரு நகரம் பேசப்படுகிறது' என்று சொல்லும் அடையாளமாக மட்டும் படத்தை எடுத்துக்கொண்டார்கள். நம் பழைய மாத நாவல்களில் கதைக்கும் அட்டைப் படத்துக்கும் இருந்த உறவை நினைத்துக்கொண்டால் ஓரளவு புரியும். ஆனால் அதே நூலில் நூரம்பெர்க் நகரத்தின் படம் உள்ளபடியே இருக்கிறது. வாசகருக்குத் தெரிந்த ஊரில் பொய் சொல்ல முடியாதல்லவா?

22 ஆண்டுகள் கழித்து டியூரரின் காண்டாமிருகத் தாளில் வேறொரு தொனி கேட்கிறது. படத்தின் மேலே அச்செழுத்தில் சில வரிகள் உண்டு. போர்த்துகல் அரசருக்கு இந்தியாவிலிருந்து உயிரோடு வந்த விலங்கு இது என்று சொல்லிவிட்டு, "அதன் முழு உருவமும் இங்கே அப்படியே எடுக்கப்பட்டிருக்கிறது" என்று உறுதி கூறுகிறது அந்தக் குறிப்பு. பிறகு பிளினி வருகிறார்: புள்ளியுள்ள ஆமையின் நிறம், தடித்த ஓடு, யானையளவு உடம்பு, குட்டைக் கால், கல்லில் கொம்பு தீட்டுவது, யானையோடு ஜென்மப் பகை. விலங்கு வந்த நாள் 1513 மே 1 என்று போட்டிருக்கிறது. ஆண்டும் நாளும் இரண்டுமே தவறு. ஆனால் தேதி போட்டுச் சொல்லும்போது செய்திக்கு ஒரு கனம் வந்துவிடுகிறது. 'நேரில் பார்த்து எடுத்தது' என்ற உறுதிமொழி அந்த ஆண்டுகளில் அச்சுப் படங்களில் அடிக்கடி வரத் தொடங்கியிருந்தது. படம் இப்போது அடையாளம் என்ற நிலையிலிருந்து சாட்சிக் கூண்டுக்கு நகர்ந்துகொண்டிருந்தது. பார்க்காதவர் வரைந்த படம் 'அப்படியே' என்று சத்தியம் செய்வதை வைத்து டியூரரைப் பொய்யர் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தன் கைக்கு வந்த கோட்டுப் படம் நேரில் பார்த்தவரின் கை. அதை நம்பி அவர் எழுதினார்.

கொஞ்சம் பட்டறைக்குள் போவோம். மரச்செதுக்கு என்பது வெட்டி எடுக்கும் கலை. பேரி மரம் போன்ற இறுக்கமான மரத்தைப் பலகையாக அறுத்து, இழைத்து, மழுங்கத் தேய்த்து வைப்பார்கள். அதன்மேல் ஓவியர் கோடு போடுவார். பிறகு கத்தி பிடிக்கும் செதுக்குநர் வருவார். அவர் வேலை கோட்டைத் தொடாமல் கோட்டின் இரு பக்கத்தையும் வெட்டி, நடுவிலுள்ள வெள்ளையை எல்லாம் தோண்டி எடுப்பது. முடிவில் ஓவியரின் கோடு மட்டும் மெல்லிய வரப்புபோல் மேலே நிற்கும். நம் பழைய அச்சகங்களில் வேலை பார்த்தவர்கள் 'பிளாக்' என்பார்களே, அந்தக் குடும்பத்தின் மூத்த தாத்தா இது.

ஒரு கோடு குறுக்கே இன்னொரு கோட்டை வெட்டிப் போகும் இடத்தை நினைத்துப் பாருங்கள். காகிதத்தில் அது இரண்டு இழுப்பு. கட்டையில் அந்த இரண்டு கோட்டுக்கும் நடுவே உண்டாகும் ஒவ்வொரு சிறு கட்டத்தையும் நான்கு பக்கமும் கீறித் தனியாக எடுக்க வேண்டும். கத்தி ஒருமுறை நழுவினால் வரப்பு உடைந்துபோகும். டியூரர் போன்றவர்கள் பெரும்பாலும் வரைவதோடு நின்றார்கள். வெட்டுவது தனித் தொழில், தனிக் கை. நூரம்பெர்க்கில் அப்படிப் பெயர் பெற்றவர் ஹீரோனிமஸ் ஆந்திரே. டியூரரும் மற்றவர்களும் பேரரசர் மாக்சிமிலியனுக்காக வடிவமைத்த வெற்றி வளைவுப் படத்துக்கு 190-க்கும் மேற்பட்ட கட்டைகள் தேவைப்பட்டன. ஒட்டி நிறுத்தினால் மூன்றரை மீட்டர் உயரம். அந்தக் கட்டைகள் அவர் பட்டறையில் வெட்டப்பட்டவை. காண்டாமிருகத் தாள் அதோடு ஒப்பிட்டால் சின்னது, ஏறக்குறைய இன்றைய ஏ4 தாள்.

கட்டை தயாரானதும் தோல் உருண்டையால் மையைத் தட்டி, ஈரப்படுத்திய காகிதத்தை வைத்து அழுத்துவார்கள். இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. மரக்கட்டையில் மை பிடிப்பது மேலே நிற்கும் வரப்பு. ஈய எழுத்திலும் அப்படியேதான். அதனால் படத்தையும் எழுத்தையும் ஒரே சட்டத்தில் பூட்டி ஒரே அழுத்தில் அச்சடிக்கலாம். செப்புத் தகட்டில் கீறும் முறை இதற்கு நேர் எதிர். அங்கே மை பள்ளத்தில் தங்கும், உருளை இயந்திரத்தில் பலமாக நசுக்க வேண்டும், எழுத்தோடு சேர்த்து அடிக்க முடியாது, தகடும் சீக்கிரம் தேய்ந்துவிடும். செம்பில் கிடைக்கும் நுண்மை மரத்தில் கிடைக்காது என்பது உண்மைதான். ஆனால் செய்தித்தாளாக ஊர் ஊராகப் போக வேண்டிய படத்துக்கு மரம்தான் சரி. ஆயிரக்கணக்கில் எடுக்கலாம், விலை குறைவு, படத்தின் தலையிலேயே விளக்கமும் வந்துவிடும்.

இந்த மரம்தான் கவசத்துக்கும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். மரச்செதுக்கில் சாம்பல் நிறம் கிடையாது. கறுப்பு உண்டு, வெள்ளை உண்டு, நடுவில் எதுவுமில்லை. இந்தியக் காண்டாமிருகத்தின் தோல் உண்மையிலேயே பெரிய மடிப்புகளாகத்தான் தொங்கும், மேலே கொப்புளம் கொப்புளமாகப் புடைப்பும் இருக்கும். அந்த மடிப்பை நிழலால் காட்டினால் தோல். அழுத்தமான ஒரு கோட்டால் ஓரம் கட்டினால் தகடு. புடைப்பை வட்டத்துக்குள் அடைத்தால் ஆணி. டியூரர் வளர்ந்தது பொற்கொல்லர் வீட்டில், வாழ்ந்தது கவசம் அடிக்கும் ஊரில். கையில் பழகிய வடிவம் கோட்டோடு சேர்ந்து வந்துவிட்டது. தோள் கொம்பு எங்கிருந்து வந்தது? லிஸ்பன் படத்தில் ஏதோ ஒரு மடிப்போ கறையோ அப்படித் தெரிந்திருக்கலாம். அதை அவர் சும்மா விடவில்லை. முறுக்கும் வரியும் கொடுத்து உண்மையான கொம்பாகவே ஆக்கினார்.

மரம் மட்டும் காரணமல்ல என்பதற்கும் சாட்சி இருக்கிறது. அதே 1515-இல் ஆக்ஸ்பர்க் நகரத்தில் ஹான்ஸ் பர்க்மாயர் இதே விலங்கை மரச்செதுக்காகச் செய்தார். அவரும் நேரில் பார்க்கவில்லை. ஆனால் அவர் படத்தில் தோல் தோலாகவே இருக்கிறது. தோளில் கொம்பு இல்லை. முன்னங்கால்கள் கட்டப்பட்டிருக்கின்றன. அந்தப் பிணைப்பைப் பார்த்ததும் இது யாரோ பிடித்துக் கொண்டுவந்த ஓர் உயிர் என்பது உறைக்கிறது. டியூரரின் விலங்கு யாருக்கும் கட்டுப்பட்டதாகத் தெரியாது. அது சட்டத்தின் விளிம்புவரை முட்டிக்கொண்டு நிற்கும். பர்க்மாயரின் தாளில் இன்று உலகில் எஞ்சியிருப்பது ஒரே ஒரு பிரதி, வியன்னாவின் ஆல்பெர்ட்டினா காட்சியகத்தில். டியூரரின் கட்டையிலிருந்து எட்டுப் பதிப்புகள் எடுக்கப்பட்டன. அவர் 1528-இல் இறந்த பிறகும் அது நிற்கவில்லை. கட்டை கைமாறி நெதர்லாந்துக்குப் போனது. 17-ஆம் நூற்றாண்டில் ஆம்ஸ்டர்டாமில் வில்லெம் யான்சென் அதனோடு இன்னொரு கட்டை சேர்த்து வண்ணப் பின்னணியோடு அச்சிட்டார். அதற்குள் மரத்தைப் பூச்சி அரித்திருந்தது, கால்களின் குறுக்கே விரிசல் ஓடியிருந்தது. பிந்தைய பிரதிகளில் அந்த விரிசல் வெள்ளைக் கோடாகத் தெரியும்.

சரியானதற்கு ஒரு பிரதி, தவறானதற்கு ஆயிரக்கணக்கில். ஏன்? கலைத் திறம் ஒரு காரணம்தான், அதை மறுக்க முடியாது. டியூரரின் விலங்கு ஒருமுறை கண்ணில் பட்டால் மறக்காது. ஆனால் அவர் வியாபாரமும் தெரிந்தவர். 'A' எழுத்தின் இரு கால்களுக்கு நடுவே 'D'யை நிறுத்திய அவருடைய முத்திரை அன்றே ஐரோப்பா முழுக்கத் தெரிந்த முத்திரை. 1497-லேயே தன் அச்சுப் படங்களை ஊர் ஊராக விற்க ஆள் அமர்த்தினார். மனைவி ஆக்னெஸ் பிராங்க்பர்ட் சந்தைக்குப் போய் விற்றார், அம்மா நூரம்பெர்க் சந்தையில் விற்றார். 1520-இல் நெதர்லாந்துப் பயணம் போனபோது கட்டுக் கட்டாகத் தாள்களை எடுத்துப் போனார். அவற்றை விற்றதையும் பரிசளித்ததையும் பண்டம் மாற்றியதையும் நாட்குறிப்பில் கணக்கு எழுதி வைத்திருக்கிறார்.

அந்த முத்திரைக்காக வழக்கும் நடந்தது. 1512-இல் வெளியூர் ஆள் ஒருவர் நூரம்பெர்க் நகர மன்றத்தின் அருகே டியூரரின் படங்களைப் பார்த்துச் செய்த நகல்களை, அவருடைய முத்திரையோடு விற்றுக்கொண்டிருந்தார். மன்றம் தீர்ப்புச் சொன்னது: முத்திரையை எடுத்துவிட வேண்டும், மறுத்தால் தாள்கள் பறிமுதல். படத்தை நகலெடுத்ததைப் பற்றித் தீர்ப்பு கவலைப்படவில்லை. பெயரைத் திருடக் கூடாது, அவ்வளவுதான். படம் யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும் பொதுச் சொத்து போலவே இருந்தது. காண்டாமிருகம் பரவியதற்கு இதுவும் ஒரு வழி திறந்துவிட்டது.

எடுத்துக்கொண்டவர்கள் பட்டியல் நீளமானது. பிளாரன்சின் ஆட்சியாளர் அலெசாந்த்ரோ தெ மெதிசி 1536-இல் இந்த விலங்கைத் தன் சின்னமாக்கினார். 1549-இல் பிரான்ஸ் அரசர் இரண்டாம் ஹென்றி பாரிஸ் நகருக்குள் நுழைந்தபோது, முதுகில் தூபி சுமக்கும் காண்டாமிருகச் சிலை வீதியில் நின்றது. எனக்கு முக்கியமாகப் படுவது 1551: சூரிச்சில் கொன்ராட் கெஸ்னர் விலங்குகளின் பெருநூலை வெளியிடத் தொடங்கினார். அன்றைய அறிவின் உச்சம் அது. காண்டாமிருகத்துக்கு அவர் போட்டது டியூரரின் படம். சந்தைத் தாளாகப் பிறந்தது அறிவியல் நூலுக்குள் போய் உட்கார்ந்துவிட்டது. இனிமேல் அடுத்த நூலாசிரியர் கெஸ்னரைப் பார்த்து எடுப்பார், அதற்கடுத்தவர் இவரைப் பார்த்து எடுப்பார். 1607-இல் இங்கிலாந்தில் எட்வர்ட் டாப்செலின் விலங்கு நூலிலும் அதே கவசம், அதே தோள் கொம்பு. பத்து நூலில் ஒரே படம் இருந்தால் பத்துச் சாட்சி ஒன்றாகச் சொல்வதுபோல் தோன்றும். உண்மையில் பேசுவது ஒரே சாட்சி, அதுவும் நேரில் பார்க்காத சாட்சி.

இதே அச்சுக்கலை இதே ஆண்டுகளில் எவ்வளவு பெரிய காரியம் செய்தது என்பதையும் சொல்லியாக வேண்டும், இல்லாவிட்டால் கணக்கு நேர்மையாக இருக்காது. கையால் நகலெடுத்த காலத்தில் ஒரு செடியின் படம் நான்கு கை மாறினால் வேறு செடியாகிவிடும். அச்சில் ஆயிரமாவது வாசகருக்கும் முதல் வாசகருக்கும் ஒரே இலை கிடைக்கும். 1530-இல் ஸ்ட்ராஸ்பர்க்கில் வெளிவந்த புருன்பெல்சின் மூலிகை நூலுக்கு ஹான்ஸ் வைடிட்ஸ் செடிகளை எதிரில் வைத்து வரைந்தார். வாடிய இலை வாடியபடி, கிழிந்த இலை கிழிந்தபடி. 1542-இல் ஃபூக்ஸ் தன் மூலிகை நூலில் வேறு வழி எடுத்தார்: ஒரே செடியில் பூவும் காயும் சேர்த்துக் காட்டுவது, தனிச் செடியின் குறை எதையும் காட்டாமல் அந்த இனத்துக்கே பொதுவான உருவம் தருவது. அந்த நூலின் கடைசியில் வரைந்தவர், கட்டைக்கு மாற்றியவர், வெட்டியவர் என மூவரின் முகத்தையும் பெயரையும் போட்டிருக்கிறார்கள். கத்தி பிடித்த வைட் ருடால்ப் ஸ்பெக்லே அதில் ஒருவர். பெயரில்லாமல் போன எத்தனையோ செதுக்குநர்களுக்காக அந்தப் பக்கத்தைப் பார்க்கும்போது மனம் நிறைகிறது. 1543-இல் வெசாலியசின் உடற்கூற்று நூல். வெனிசில் வெட்டிய கட்டைகளை ஆல்ப்ஸ் மலை தாண்டி பாசல் நகரத்துக்கு அனுப்பி அச்சிட்டார்கள். அந்தக் கட்டைகள் 400 ஆண்டு பிழைத்திருந்து, இரண்டாம் உலகப் போரில் மூனிக்கில் அழிந்தன.

செடிக்கும் உடலுக்கும் காண்டாமிருகத்துக்கும் வித்தியாசம் ஒன்றுதான். செடியைத் தோட்டத்தில் பறித்து வந்து படத்தோடு ஒப்பிடலாம். உடலை அறுத்துப் பார்க்கலாம், பார்த்துத்தான் வெசாலியசையும் பின்னால் திருத்தினார்கள். காண்டாமிருகத்துக்கு அந்த வசதி இல்லை. லிஸ்பன் விலங்குக்குப் பிறகு அடுத்தது 1577-இல்தான் வந்தது. ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இல்லாத இடத்தில் படமே விலங்காகிவிட்டது.

விலங்கு வந்த பிறகும் படம் சுலபமாக வழிவிடவில்லை. 1741-இல் டச்சுக் கப்பல் தலைவர் டௌவ மௌட் வான் டெர் மேர் வங்காளத்திலிருந்து ஒரு பெண் காண்டாமிருகத்தை ரோட்டர்டாம் கொண்டுவந்தார். மனிதர்களோடு வீட்டுக்குள் வளர்ந்த குட்டி, பெயர் கிளாரா. 17 ஆண்டு ஐரோப்பா முழுக்க அதை ஊர் ஊராகக் கூட்டிப்போய்க் காட்டினார். 1749-இல் பிரெஞ்சு ஓவியர் ஊத்ரி முழு அளவில் எண்ணெய் வண்ணத்தில் வரைந்தார். 1751-இல் வெனிசில் பியெத்ரோ லோங்கி வரைந்தார், வைக்கோலுக்கு நடுவே முகமூடி அணிந்த பார்வையாளர்களுக்கு முன் நிற்கிறது அந்த விலங்கு. கிளாராவைப் பார்த்து எடுத்த அச்சுப் படங்கள் பெருகப் பெருகத்தான் தோள் கொம்பு மெல்ல உதிர்ந்தது. பழைய அச்சை அழிக்கப் புதிய அச்சு தேவைப்பட்டது.

அப்போதும் முழுதாக அழியவில்லை. ஸ்காட்லாந்துப் பயணி ஜேம்ஸ் புரூஸ் 1790-இல் வெளியிட்ட பயண நூலில் டியூரரின் படத்தைக் கடுமையாகத் திட்டினார், மற்றவர்களின் விகாரப் படங்களுக்கெல்லாம் அதுதான் மூலம் என்றார். ஆப்பிரிக்காவின் இரட்டைக் கொம்புக் காண்டாமிருகத்தைத் தானே பார்த்து வரைந்ததாகப் படமும் போட்டார். அந்தப் படத்திலும் உடம்பில் கவச மடிப்புகள் இருக்கின்றன. ஆப்பிரிக்க விலங்குக்கு அப்படி மடிப்பே கிடையாது. திட்டியவரின் கண்ணுக்குள்ளும் நூரம்பெர்க் கட்டை பதிந்திருந்தது.

டியூரரின் காலத்தில், இந்த விலங்கைத் தினசரி பார்த்த மண்ணில் அதை எப்படி எழுதினார்கள்? பாபர் தன் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். பெஷாவர்ப் பக்கம் சிந்து நதிக் காடுகளில் அவர் காண்டாமிருகம் வேட்டையாடியவர். கொம்பால் யானையையே தூக்கிவிடும் என்று தம் ஆட்கள் சொல்வது தவறாகத்தான் இருக்கும் என்கிறார். உடலமைப்பைப் பார்த்து, மற்றெந்த விலங்கையும்விடக் குதிரையைத்தான் ஒத்திருக்கிறது என்கிறார். இன்றைய விலங்கியலும் இரண்டையும் ஒரே வரிசையில்தான் வைக்கிறது. யானையின் முன் கொண்டுபோய் விட்டால் என்ன செய்யும் என்று அவருக்கும் வெகுநாளாகச் சந்தேகம் இருந்தது. 1525 டிசம்பரில், பானிப்பட்டுப் போருக்கு வரும் வழியில், ஒரு வேட்டையில் அது தானாகவே நடந்தது. காண்டாமிருகம் யானைக்கு நேர் எதிரே வெளிப்பட்டது. பாகர்கள் யானையை முன்னே செலுத்தியதும், எதிர்கொள்ளாமல் வேறு பக்கமாக ஓடிவிட்டது. லிஸ்பன் முற்றத்தில் நடந்ததற்கு நேர் எதிர், பத்தே ஆண்டு இடைவெளியில். ஆனால் இந்தக் குறிப்பு நூரம்பெர்க்குக்கும் சூரிச்சுக்கும் போய்ச் சேரவில்லை. கெஸ்னரின் மேசையில் இருந்தது டியூரரின் தாள்.

தாள்கள் மறுதிசையிலும் பயணம் செய்தன. 1580-இல் அக்பரின் அவைக்கு வந்த இயேசு சபைப் பாதிரியார்கள் ஆன்ட்வெர்ப்பில் அச்சான பன்மொழி விவிலியத்தைக் கொண்டுவந்தார்கள். அதில் செப்புத்தகட்டுப் படங்கள் இருந்தன. அவற்றைத் தொடர்ந்து ஐரோப்பிய அச்சுத் தாள்கள் பல முகலாய ஓவியக் கூடங்களுக்கு வந்து சேர்ந்தன. வந்தவற்றில் டியூரரும் உண்டு. 1511-இல் அவர் செம்பில் கீறிய சிலுவைக் காட்சி, உள்ளங்கை அளவே உள்ள தாள். அதில் சிலுவையின் கீழே இயேசுவின் சீடர் யோவான் கைகளைக் கோத்து நெரித்தபடி அழுதுகொண்டு நிற்பார். 1600-இல் அபுல் ஹசன் என்ற சிறுவனிடம் அந்தப் படம் கிடைத்தது. அப்பா ஆகா ரிசாவும் ஓவியர், இளவரசர் சலீமிடம் வேலை பார்த்தவர். பையன் அந்தக் காட்சியிலிருந்து யோவானை மட்டும் தனியே எடுத்தான். செம்பில் உளியால் கீறிய கோட்டை ஒவ்வொன்றாகத் தூரிகை நுனியால் பின்தொடர்ந்து, அங்கியின் மடிப்பு மடிப்பாகப் போட்டு முடித்தான். அந்தத் தாள் இன்று ஆக்ஸ்போர்டின் ஆஷ்மோலியன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் தன் பெயரையும் அப்பா பெயரையும் எழுதி, வயதையும் குறித்திருக்கிறான்: 13.